கறிவேப்பிலைச் செடி நடத்திய வகைப்பாட்டுப் பாடம்

ஏழாம் வகுப்பில் வகைப்பாட்டியல் பாடத்தைத் தொடங்கும் ஒவ்வோர் ஆண்டும், சிவப்பு மையில் போட்ட ஒரு பெருக்கல் குறி என் நினைவுக்கு வரும். ஒரு மாணவியின் நோட்டில் அதைப் போட்டவள் நான்தான். போட்டது தவறு என்று தெரிந்துகொள்ள எனக்கு ஒரு மாதம் ஆனது.

செங்கல்பட்டிலிருந்து திருக்கழுக்குன்றம் வழியாக மாமல்லபுரம் போகும் சாலையிலிருந்து சற்று உள்ளே தள்ளி இருக்கிறது எங்கள் பள்ளி. ஒரு பக்கம் ஏரிக்கரை, மறுபக்கம் பாறைக் குன்றும் புதர்க்காடும். கிழக்கே போனால் சவுக்குத் தோப்பும் கடலும். மழை முடிந்த நாட்களில் வகுப்பறைச் சன்னல் வழியாகவே பட்டாம்பூச்சிகள் உள்ளே வந்து போகும்.

அந்த ஆண்டு மாணவர்களுக்கு ஒரு பணி கொடுத்தேன். வீட்டைச் சுற்றியுள்ள ஏதாவது ஓர் உயிரினத்தை ஒரு வாரம் கவனித்து, படம் வரைந்து, அது என்ன செய்தது என்று எழுத வேண்டும். மாமல்லபுரத்துச் சிற்பக்கூடம் ஒன்றில் வேலை செய்பவரின் மகள் ஒரு பட்டாம்பூச்சியை வரைந்திருந்தாள். கருப்பு இறக்கை, பின்னிறக்கையின் நடுவில் வெள்ளைத் திட்டு, ஓரத்தில் சிவப்புப் புள்ளிகள், கீழே நீண்ட வால். படம் மிகச் சரியாக இருந்தது. அதன் கீழே, "கறிவேப்பிலைச் செடியில் முட்டை வைத்தது" என்று எழுதியிருந்தாள்.

படத்தைப் பார்த்ததும் அது ரோஜா அழகி என்று முடிவு செய்தேன். ரோஜா அழகியின் புழு கறிவேப்பிலையைத் தொடாது, அதன் உணவு ஆடுதீண்டாப்பாளை. அந்த வரியின் மேல் பெருக்கல் குறி போட்டு, பக்கத்தில் 'ஆடுதீண்டாப்பாளை' என்று திருத்தினேன்.

"டீச்சர், நான் பார்த்தேன் டீச்சர். எங்க வீட்டுக் கறிவேப்பிலையிலதான் வெச்சுது."

"வேற பூச்சியா இருந்திருக்கும். போய் உக்காரு."

ஏறக்குறைய ஒரு மாதம் கழித்து, கொசுவலைத் துணியால் மூடிய ஒரு செருப்புப் பெட்டியுடன் அவள் வந்தாள். உள்ளே ஐந்து கூட்டுப்புழுக்கள், சில பச்சை, சில பழுப்பு. ஐந்தும் அந்தக் கறிவேப்பிலைச் செடியிலிருந்து எடுத்து வளர்த்தவை. பெட்டியை வகுப்பறை அலமாரியின் மேல் வைத்தோம். மறுநாள் காலை இரண்டு வெளிவந்தன. இரண்டும் கருப்பு, பின்னிறக்கையில் வெள்ளைப் புள்ளிகள் ஒரு பட்டைபோல வரிசையாக இருந்தன. இதுதான் நாம் வழக்கமாகப் பார்க்கும் கறிவேப்பிலை அழகி. "பாத்தியா, நான் சொன்னேன்ல" என்றேன். மூன்றாம் நாள் இன்னும் இரண்டு வந்தன. வெள்ளைத் திட்டு, சிவப்புப் புள்ளிகள், நீண்ட வால். அவள் வரைந்த படம் உயிரோடு வந்து உட்கார்ந்திருந்தது. ஐந்தாவது கூட்டிலிருந்து பட்டாம்பூச்சி வரவில்லை. மிகச் சிறிய குளவிகள்தான் வந்தன.

வகுப்பே என்னைப் பார்த்தது. அந்தப் பெண் எதுவும் சொல்லவில்லை.

அன்று மாலை நான் தேடிப் படித்தவற்றையும், பிறகு சில ஆண்டுகளாக மாணவர்களோடு சேர்ந்து பார்த்தவற்றையும் ஆசிரிய நண்பர்களோடு பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரை.

வால் இருந்தால்தான் இந்தக் குடும்பமா?

இந்தப் பட்டாம்பூச்சிகளின் குடும்பத்துக்கு அறிவியல் பெயர் பேப்பிலியோனிடே. ஆங்கிலத்தில் ஸ்வாலோடெயில் என்பார்கள். தகைவிலான் குருவியின் பிளந்த வாலைப் போல இவற்றின் பின்னிறக்கை நீண்டிருப்பதால் அந்தப் பெயர். தமிழில் 'அழகிகள்' என்ற பெயர் வழக்கத்துக்கு வந்துவிட்டது. உலகம் முழுவதும் 550க்கும் மேற்பட்ட இனங்கள் இக்குடும்பத்தில் உள்ளன. நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் மட்டும் 19 இனங்கள்.

பெயரில் வால் இருந்தாலும் எல்லா அழகிகளுக்கும் வால் கிடையாது. நம் வீட்டு எலுமிச்சைச் செடியைச் சுற்றும் எலுமிச்சை அழகிக்கு வால் இல்லை. பெரிய உருவமும் வெளிர்நீலப் பின்னிறக்கையும் கொண்ட நீல அழகிக்கும் இல்லை. அப்படியானால் எதை வைத்து இவற்றை ஒரே குடும்பம் என்கிறோம்?

முதல் அடையாளம் புழுவிடம் இருக்கிறது. கறிவேப்பிலையில் மேயும் பச்சைப் புழுவை ஒரு குச்சியால் மெதுவாகத் தொட்டுப் பாருங்கள். தலைக்குப் பின்னாலிருந்து இரு கிளையாகப் பிரிந்த கவட்டை போன்ற ஓர் உறுப்பு சட்டென்று வெளியே நீளும். கூடவே ஒரு நெடி வரும். எறும்பையும் சிறு பூச்சிகளையும் விரட்டும் சுரப்பி அது. இக்குடும்பத்தின் புழுக்களுக்கு மட்டுமே உரிய உறுப்பு.

இரண்டாவது அடையாளம் கால்கள். அழகிகள் ஆறு கால்களையும் பயன்படுத்தி நிற்கும். நம் மாநிலப் பட்டாம்பூச்சியாக 2019இல் அறிவிக்கப்பட்ட தமிழ் மறவன் வேறு குடும்பம். அக்குடும்பத்தில் முன்னங்கால் இரண்டும் சிறுத்துப்போயிருப்பதால், நான்கு காலில் நிற்பதுபோலத் தெரியும். பக்கத்து மாநிலங்களான கேரளம், கர்நாடகம் இரண்டும் தங்கள் மாநிலப் பட்டாம்பூச்சியை அழகிகள் குடும்பத்திலிருந்தே தேர்ந்தெடுத்திருக்கின்றன. மகாராஷ்டிரத்தின் மாநிலப் பட்டாம்பூச்சி, நம் ஊரிலும் பறக்கும் நீல அழகி.

உணவுச் செடியும் உறவுமுறையும்

இக்குடும்பத்தை மூன்று துணைக்குடும்பங்களாகப் பிரிக்கிறார்கள். ஒன்றில் மெக்சிகோவில் மட்டும் வாழும் ஒரே ஓர் இனம்தான் இருக்கிறது. இன்னொன்று இமயமலை போன்ற குளிர்ப் பகுதிகளில் பறக்கும் அப்போலோ வகை. நம் ஊரில் உள்ளவை எல்லாம் மூன்றாவது துணைக்குடும்பம். அதற்குள்ளும் உட்பிரிவுகள் உண்டு. அந்த உட்பிரிவுகளை மாணவர்களுக்குப் புரியவைக்க மிக எளிய வழி, புழு எந்தச் செடியைத் தின்கிறது என்று கேட்பது.

முதல் பிரிவு, ஆடுதீண்டாப்பாளை, ஈஸ்வரமூலி ஆகிய கொடிகளைத் தின்பவை. இவ்விரண்டும் ஒரே பேரினத்தைச் சேர்ந்த தாவரங்கள். ரோஜா அழகியும் சிவப்புடல் அழகியும் இப்பிரிவு. தென்னிந்தியாவின் மிகப் பெரிய பட்டாம்பூச்சியான, கர்நாடகத்தின் மாநிலப் பட்டாம்பூச்சியும் இதே பிரிவுதான்.

இரண்டாம் பிரிவில் உள்ள நம் ஊர் இனங்கள் பெரும்பாலும் எலுமிச்சைக் குடும்பச் செடிகளைத் தின்பவை. எலுமிச்சை, நாரத்தை, வில்வம், கறிவேப்பிலை, புதர்க்காட்டில் வளரும் காட்டு எலுமிச்சை எல்லாம் அக்குடும்பம்தான். எலுமிச்சை அழகி, கறிவேப்பிலை அழகி, நீல அழகி மூன்றும் இங்கே வரும்.

மூன்றாம் பிரிவு, சீத்தாப்பழக் குடும்ப மரங்களை விரும்புபவை. பள்ளி வளாகங்களில் வரிசையாக நிற்கும் நெட்டிலிங்க மரத்தில் டெயில்டு ஜே, காமன் ஜே என்ற இரண்டின் புழுக்களையும் தேடலாம். ஓரிடத்தில் நில்லாமல் மிக வேகமாகப் பறப்பவை இவை.

இப்போது என் தவறு எங்கே என்று புரியும். அந்த மாணவி புழுவையும் செடியையும் பார்த்தாள். நான் இறக்கையின் நிறத்தை மட்டும் பார்த்தேன்.

நஞ்சும் வேடமும்

ஆடுதீண்டாப்பாளைக் கொடியில் ஒரு நச்சு அமிலம் இருக்கிறது. அதன் பெயரே ஆடுகூட அதைத் தீண்டாது என்று சொல்கிறது. ரோஜா அழகியின் புழு அதைத் தின்று, அந்த நஞ்சை உடலில் சேர்த்துக்கொள்கிறது. பட்டாம்பூச்சியாக மாறிய பிறகும் நஞ்சு உடலில் இருக்கும். ஒருமுறை கொத்திப் பார்த்த பறவை அடுத்த முறை அந்தச் சிவப்பையும் கருப்பையும் கண்டால் விலகிப்போகும். அதனால்தான் இவை அவசரமே இல்லாமல் மெதுவாகப் பறக்கின்றன.

கறிவேப்பிலையைத் தின்று வளர்ந்த பூச்சியிடம் இந்த நஞ்சு இல்லை. ஆனால் கறிவேப்பிலை அழகியின் பெண்களில் ஒரு பகுதி ரோஜா அழகியின் தோற்றத்தில் பிறக்கின்றன. இன்னொரு பகுதி சிவப்புடல் அழகியைப் போல முன்னிறக்கையில் வெண்பட்டைகளோடு பிறக்கின்றன. மீதிப் பெண்கள் ஆணைப் போலவே இருக்கும். ஆண்களுக்கு எப்போதும் ஒரே தோற்றம்தான். நஞ்சில்லாத ஓர் உயிரினம் நஞ்சுள்ளதைப் போலத் தோன்றித் தப்பிப்பதை, அமேசான் காடுகளில் பட்டாம்பூச்சிகளை ஆராய்ந்த ஹென்றி வால்டர் பேட்ஸ் 1862இல் விளக்கினார். அவர் பெயராலேயே இது பேட்ஸ் போலித்தோற்றம் எனப்படுகிறது.

வேடத்தைக் கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. இறக்கையை விட்டுவிட்டு உடலைப் பாருங்கள். ரோஜா அழகிக்கும் சிவப்புடல் அழகிக்கும் உடல் சிவப்பு. வேடமிட்ட கறிவேப்பிலை அழகிக்கு உடல் கருப்பு. அந்த மாணவியின் படத்தை மறுபடி எடுத்துப் பார்த்தேன். உடலுக்குக் கருப்பு வண்ணம்தான் தீட்டியிருந்தாள். விடை அந்தப் படத்திலேயே இருந்திருக்கிறது.

ஒரு பூச்சி, மூன்று பெயர்

இந்த இடத்தில் ஏமாந்தது நான் மட்டுமல்ல என்பது எனக்குச் சற்று ஆறுதல். வகைப்பாட்டியலின் தந்தை என்று நாம் பாடத்தில் சொல்லும் லின்னேயஸ், 1758இல் பட்டாம்பூச்சிகள் அனைத்தையும் பேப்பிலியோ என்ற ஒரே பேரினத்தில் வைத்தார். பெரிய பட்டாம்பூச்சிகளுக்குக் கிரேக்கப் பழங்கதையில் வரும் டிராய்ப் போரின் வீரர்களுடைய பெயர்களைச் சூட்டினார். நெஞ்சில் இரத்தச் சிவப்பு உடைய கரிய பூச்சிகள் டிராய் நகரத்தார், மற்றவை கிரேக்கர் என்று பிரித்தார். சிவப்புடல் அழகிக்கு டிராய் இளவரசன் ஹெக்டரின் பெயர் வந்தது. நெட்டிலிங்கத்தில் வளரும் டெயில்டு ஜேவுக்குக் கிரேக்கப் படைத்தலைவன் அகமெம்னானின் பெயர் கிடைத்தது.

நம் கறிவேப்பிலை அழகிக்கு அவர் இரண்டு பெயர்கள் வைத்தார்! ஒன்று பாலிட்டஸ், இன்னொன்று பாம்மோன். இரண்டும் வெவ்வேறு இனம் என்றே அவர் கருதினார். வேறொருவர் மூன்றாவது தோற்றத்துக்கு ரோமுலஸ் என்று பெயரிட்டார். ஒரே பூச்சி நெடுங்காலம் மூன்று பெயர்களில் இருந்தது. கதையில் பாலிட்டஸும் பாம்மோனும் ஒரே தந்தைக்குப் பிறந்தவர்கள் என்பது தற்செயல்தான்.

மூன்றும் ஒன்றே என்பதை, மலேயத் தீவுகளில் ஆண்டுக்கணக்கில் பூச்சிகளைச் சேகரித்த ஆல்பிரட் ரஸ்ஸல் வாலஸ் 1865இல் வெளியான தம் கட்டுரையில் விளக்கினார். அதன் பிறகு, நம் பக்கத்து நாடான இலங்கையில் ஃப்ரையர் என்பவர் இப்பூச்சிகளைத் தலைமுறை தலைமுறையாக வளர்த்து, எந்தத் தாய்க்கு எந்தத் தோற்றமுள்ள மகள்கள் பிறக்கின்றன என்று கணக்கெடுத்து 1913இல் வெளியிட்டார். மெண்டல் பட்டாணிச் செடியில் கண்ட விதிப்படியே இத்தோற்றங்கள் மரபுவழி வருவதை அது காட்டியது. 2014இல் பெங்களூரு தேசிய உயிரியல் அறிவியல் மையத்தைச் சேர்ந்த கிருஷ்ணமேக் குண்டேயும் அவருடன் ஆராய்ந்தவர்களும், இந்த வேடத்தைத் தீர்மானிப்பது டபுள்செக்ஸ் என்ற ஒரே மரபணு என்று கண்டறிந்தனர். பூச்சிகளில் ஆண், பெண் உடல் வேறுபாட்டை உருவாக்குவதில் பங்குள்ள மரபணு அது.

ஃப்ரையர் செய்ததன் முதல் படியைத்தான் எங்கள் மாணவி செருப்புப் பெட்டியில் செய்திருந்தாள். பார்த்ததை நம்பினாள். வளர்த்துச் சரிபார்த்தாள்.

வேலியோரத்துக் கொடி

இதில் நான் செய்த இன்னொரு தவறையும் சொல்ல வேண்டும். எங்கள் பள்ளி வேலியோரம் ஆடுதீண்டாப்பாளை படர்ந்திருந்தது. வளாகத் தூய்மைக்குப் பொறுப்பாசிரியர் நான். 'களை' என்று சொல்லி அதை வேரோடு எடுக்கச் செய்ததும் நானே. அதற்கு அடுத்த பருவத்தில் ரோஜா அழகியையும் சிவப்புடல் அழகியையும் வளாகத்தில் நாங்கள் பார்க்கவில்லை. கறிவேப்பிலை அழகி மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது.

இதைக் கவனித்துக் கேள்வி கேட்டவளும் அவள்தான். "டீச்சர், நெஜமான விஷப்பூச்சி இல்லன்னா, வேஷம் போட்ட பூச்சிக்கு என்ன ஆகும்?"

மிகச் சரியான கேள்வி. நஞ்சுள்ளவை நிறையவும் வேடமிட்டவை குறைவாகவும் இருக்கும்வரைதான் பறவைகள் ஏமாறும். நஞ்சுள்ளவை குறைந்துபோனால், சிவப்புப் புள்ளி உடையதும் தின்னத் தகுந்ததே என்று பறவைகள் கற்றுக்கொள்ளும். அப்போது வேடத்தால் பயன் இல்லை. வேலியோரத்தில் ஒரு கொடியை வெட்டினால், அதைத் தின்னாத பூச்சியையும் அது பாதிக்கலாம். உணவு வலைப் பாடத்துக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை.

சிவப்புடல் அழகி இந்தியாவிலும் இலங்கையிலும் வாழும் இனம். நம் நாட்டில் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் இடம் பெற்றது. கடற்கரைச் சாலையை ஒட்டி மனைகள் பெருகும்போது முதலில் போவது இத்தகைய புதர்களும் கொடிகளும்தான். பள்ளி வேலியோரத்தில் மூன்றடி அகலத்தை வெட்டாமல் விட்டுவைக்க நம்மால் முடியும். நாங்கள் விட்டோம். தலைமையாசிரியரிடமும் பள்ளி மேலாண்மைக் குழுவிடமும் காரணத்தைச் சொன்னபோது ஒருவரும் மறுக்கவில்லை. 'இது களை அல்ல, வெட்ட வேண்டாம்' என்று மாணவர்களே ஒரு பலகை எழுதி மாட்டினார்கள். மண்ணில் மிச்சமிருந்த வேரிலிருந்து கொடி மறுபடி தழைத்தது. மறு ஆண்டு மழைக்குப் பின் கருஞ்சிவப்பு நிறத்தில், உடலெங்கும் சதைமுள் கொண்ட புழு ஒன்றை அதில் கண்டோம்.

வகுப்பறையில் செய்து பார்க்க

வகைப்பாட்டுத் திறவுகோலைப் பாடப்புத்தகப் படத்தை வைத்து நடத்துவதைவிட, நம் ஊர்ப் பட்டாம்பூச்சிகளை வைத்து மாணவர்களையே உருவாக்கச் சொல்லலாம். கட்டுரையில் சொன்ன ஏழு அழகிகளுக்கு எங்கள் வகுப்பு உருவாக்கியது இது:

1. உடல் சிவப்பா? ஆம் என்றால் 2க்குப் போ. இல்லை என்றால் 3க்குப் போ.
2. முன்னிறக்கையில் வெண்பட்டைகள் உண்டா? ஆம் என்றால் சிவப்புடல் அழகி. இல்லை, பின்னிறக்கையில் வெள்ளைத் திட்டு மட்டும் என்றால் ரோஜா அழகி.
3. இறக்கையில் பச்சை அல்லது நீலப்பச்சைக் குறிகள் உண்டா? ஆம் என்றால் 4க்குப் போ. இல்லை என்றால் 5க்குப் போ.
4. தனித்தனிப் பச்சைப் புள்ளிகளா? ஆம் என்றால் டெயில்டு ஜே. நடுவில் நீலப்பச்சைப் பட்டை என்றால் காமன் ஜே.
5. பின்னிறக்கையில் வால் உண்டா? ஆம் என்றால் கறிவேப்பிலை அழகி. இல்லை என்றால் 6க்குப் போ.
6. பின்னிறக்கை வெளிர்நீலமா? ஆம் என்றால் நீல அழகி. கருப்பில் வெளிர்மஞ்சள் திட்டுகள் என்றால் எலுமிச்சை அழகி.

இந்தத் திறவுகோலில் 'உடல் சிவப்பா' என்பதை முதல் கேள்வியாக வைக்கச் சொன்னது யார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

புழு வளர்ப்பதற்குச் சில குறிப்புகள். கறிவேப்பிலை அல்லது எலுமிச்சையில் உள்ள புழுக்களையே எடுங்கள். இளம் புழு பறவை எச்சத்தைப் போலத் தெரியும், வளர்ந்த பிறகு பச்சையாகும். எந்தச் செடியில் எடுத்தோமோ அதே செடியின் புதிய இலையை நாள்தோறும் கொடுக்க வேண்டும். மருந்து தெளித்த இலை கூடாது. பெட்டியில் சாய்வாக ஒரு குச்சி வையுங்கள், அதில்தான் கூடு கட்டும். கூட்டுப்புழுவைத் தொட வேண்டாம். வெளிவந்த பூச்சி இறக்கையை விரித்து உலர்த்தும்வரை காத்திருந்து, திறந்த வெளியில் விட்டுவிடுங்கள். முட்டை முதல் பட்டாம்பூச்சி வரை ஏறக்குறைய ஒரு மாதம் ஆகும். ஒவ்வொரு நாளும் தேதியிட்டு, அளந்து, வரைந்து வைப்பதே இதில் பாடம்.

ஆடுதீண்டாப்பாளையில் உள்ளவற்றை எடுத்து வளர்க்க வேண்டாம். அங்கேயே பார்க்கட்டும். அந்தத் தாவரத்தின் அமிலம் மனிதச் சிறுநீரகத்துக்கும் கேடு செய்யும் என்பதால், வாயில் வைக்கக் கூடாது, தொட்டால் கை கழுவ வேண்டும் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

கடைசியாக அந்த நோட்டு. நான்காவது பூச்சியையும் பறக்கவிட்ட அன்று, வகுப்பின் முன் அந்த நோட்டை வாங்கினேன். என் பெருக்கல் குறியை அடித்து, 'மாணவி எழுதியது சரி. ஆசிரியர் திருத்தியது தவறு' என்று எழுதித் தேதியிட்டுக் கையெழுத்துப் போட்டேன். கடைசி வரிசையில் ஒருவன் மெதுவாகச் சிரித்தான். பிறகு, "டீச்சர், எங்க வீட்டு வில்வ மரத்துலயும் ஒரு புழு இருக்கு, எடுத்துட்டு வரட்டுமா?" என்று கேட்டான். அதுவரை என் வகுப்பில் கேள்வி கேட்டறியாத பையன் அவன்.

மறுநாள் அலமாரியின் மேல் மூன்று செருப்புப் பெட்டிகள் இருந்தன.